பொங்கல் பந்தயத்துக்கு யாரிடம் அனுமதி கேட்பது? டர்பன் வடகரையில் ஒரு விண்ணப்பம்: நிகழ்வு ஆய்வு

தென்னாப்பிரிக்காவின் டர்பனுக்கு வடக்கே வெருலம், டொங்காட் பக்கம் உள்ள ஒரு கோயில் குழு, பொங்கலை ஒட்டிய சனிக்கிழமையில் மூன்று நிகழ்ச்சிகள் நடத்த விரும்புகிறது. ஊர்ச் சாலையில் 5 கிலோமீட்டர் ஓட்டம், அதே சாலையின் 600 மீட்டர் நேர்த்துண்டில் எட்டு ஜோடி மாடுகளோடு ரேக்ளா என்னும் மாட்டுவண்டிப் பந்தயம், மாலையில் இழுவண்டியில் கட்டிய தேர் ஊர்வலம். கூட்டம் 1,500 முதல் 2,500 வரை எதிர்பார்க்கிறார்கள். விண்ணப்பம் ஒன்றரைப் பக்கம். அதில் முக்கால் பக்கம் 1860 நவம்பர் 16 அன்று ட்ரூரோ கப்பலில் வந்திறங்கிய முன்னோர்களைப் பற்றியது. கடைசி வரி, ‘இது எங்கள் பண்பாட்டு நிகழ்ச்சி என்பதால் அனுமதி வழங்கக் கோருகிறோம்’ என்பது.

இந்த விண்ணப்பம் ஆய்வுக்காக அமைத்துக்கொண்டது. கீழே வரும் சட்டங்களும் வழக்குகளும் விபத்துகளும் உண்மையானவை. இப்படி ஒரு தாள் மாநகராட்சி மேசைக்குப் போனால் எங்கெங்கே முட்டும், எதை மாற்றினால் நகரும் என்பதைப் பார்க்கிறோம்.

பண்பாடு எந்தக் கேள்விக்குப் பதில்

டர்பன் இருக்கும் குவாசூலு-நட்டால் மாகாணத்தவர் மரபு விழாவுக்கு நீதிமன்ற ஆதரவு தேடினால் முதலில் அகப்படுவது உக்வெஷ்வாமா வழக்கு. சூலு மக்களின் முதல் விளைச்சல் விழாவான அது டிசம்பரில் நொங்கோமாவில் உள்ள என்யோகேனி அரண்மனையில் நடக்கிறது. புது விளைச்சலைப் படைத்த பிறகே உண்பது என்ற வகையில் பொங்கலுக்கு நெருங்கிய உறவு. இளைஞர் படையினர் வெறுங்கையால் ஒரு காளையைக் கொல்வது அதன் ஒரு சடங்கு. விலங்குரிமை அமைப்பு ஒன்றின் அறங்காவலர்கள் இதற்குத் தடை கேட்டு மன்னர் குட்வில் ஸ்வெலிதினி மீது வழக்குப் போட்டார்கள். பீட்டர்மாரிட்ஸ்பர்க் உயர்நீதிமன்றத்தில் நீதிபதி வான் டெர் ரெய்டன் 2009 டிசம்பர் 4 அன்று மனுவைத் தள்ளுபடி செய்தார்.

இதை ‘மரபு வென்றது’ என்று விண்ணப்பத்தில் எழுதிவிட ஆசை வரும். ஆனால் அந்த மனு சரிந்ததில் சான்றின் பலவீனத்துக்குப் பெரிய பங்கு உண்டு. சடங்கை நேரில் காணாதவர்களின் கூற்றுகளை, அதை அறிந்த சூலு வரலாற்றறிஞரின் பிரமாணம் மறுத்தது. ஒரு தடை மனு தள்ளுபடியானது வேறொரு நிகழ்ச்சிக்கு உரிமம் ஆகாது. அந்தக் காளை ஓடுவது அரண்மனை வளாகத்துக்குள். நம் குழு கேட்பதோ மினிபஸ் டாக்சியும் ஆம்புலன்சும் போகிற சாலை.

2007இல் அரசியலமைப்பு நீதிமன்றம் தீர்த்த மூக்குத்தி வழக்கு இதைவிடப் பொருத்தமானது. டர்பன் பெண்கள் பள்ளி ஒன்றில் தென்னிந்திய மரபில் வந்த மாணவி மூக்குத்தி அணிய விலக்கு மறுத்தது நியாயமற்ற பாகுபாடு என்று நீதிமன்றம் சொன்னது. கட்டாயமான மதக் கடமை மட்டுமல்லாமல், மனமுவந்து கடைப்பிடிக்கும் பண்பாட்டு வழக்கமும் காக்கப்படும் என்பது அதன் சாரம். ஆகவே ‘ரேக்ளா மதக் கடமையா?’ என்று அதிகாரி கேட்டால் குழு பதற வேண்டியதில்லை. பண்பாட்டுச் சமூகங்களின் உரிமையைச் சொல்லும் அரசியலமைப்பின் 31ஆம் பிரிவு, மற்ற அடிப்படை உரிமைகளுக்கு முரணாக அதைப் பயன்படுத்தக் கூடாது என்ற வரம்பையும் கூடவே வைத்திருக்கிறது. வேலி ஓரம் நிற்கும் பிள்ளையின் உயிர் அந்த வரம்புக்குள் வருகிறது.

தமிழ்நாட்டுத் தீர்ப்பை இணைப்பதும் வழக்கமாகிவிட்டது. இந்திய உச்ச நீதிமன்றத்தின் 2014 மே 7 தீர்ப்பு ஜல்லிக்கட்டையும் மாட்டுவண்டிப் பந்தயத்தையும் தடுத்தது. 2017 ஜனவரியில் மெரினாப் போராட்டமும் மாநிலத் திருத்தச் சட்டமும் வந்தன. 2023 மே 18 அன்று ஐந்து நீதிபதிகள் அமர்வு தமிழ்நாடு, கர்நாடகம், மகாராஷ்டிரம் ஆகிய மூன்றின் திருத்தங்களையும் செல்லும் என்றது. இதில் பலர் கவனிக்காத நுணுக்கம் ஒன்று உண்டு. தமிழ்நாட்டுத் திருத்தத்தில் ஜல்லிக்கட்டு என்பதற்குள் மஞ்சுவிரட்டு, வடமாடு, எருதுவிடும் விழா ஆகியவை பெயர் சொல்லிச் சேர்க்கப்பட்டன. ரேக்ளா அந்த வரிசையில் இல்லை. வண்டிப் பந்தயத்தைப் பெயர் சொல்லிக் காத்தவை கர்நாடக, மகாராஷ்டிரச் சட்டங்கள். எப்படியும் இந்தியத் தீர்ப்பு தென்னாப்பிரிக்க அதிகாரியைக் கட்டுப்படுத்தாது. ‘ஜல்லிக்கட்டு’ என்ற சொல்லைப் பார்த்ததும் விலங்கு நலத் துறையினர் தேடிப் படிப்பது அங்கே நடந்த காயங்களைத்தான். இணைக்காமல் விடுவதே நல்லது.

முன்னுரை முக்கால் பக்கம் இரண்டு வரியானால் போதும்.

மாடு: விண்ணப்பம் உடையும் முதல் இடம்

1962ஆம் ஆண்டின் 71ஆம் எண் விலங்குப் பாதுகாப்புச் சட்டத்தின் 2ஆம் பிரிவு குற்றங்களை வரிசையாகச் சொல்கிறது: அளவுக்கு மீறிப் பாரம் ஏற்றுவது, மீறி ஓட்டுவது, அடிப்பது, உதைப்பது, குத்துவது, வெறியேற்றுவது, மிரட்டுவது. ரேக்ளாவில் தார்க்குச்சி பட்டாலே குத்துவது வந்துவிட்டது. வாலை முறுக்கினால் மிரட்டுவதில் சேரும். விலங்குவதைத் தடுப்புச் சங்கத்தின் ஆய்வாளர்கள் அதிகாரம் பெற்று வருபவர்கள். கையில் படமெடுக்கும் கருவியோடுதான் வருவார்கள். இதற்கு மேல், விலங்குகளைப் பயிற்றிக் காட்சிக்கு விடுவதற்கு உரிமம் கேட்கும் 1935ஆம் ஆண்டுச் சட்டம் இருக்கிறது. முன்பு மாஜிஸ்திரேட்டுகள் தந்த அந்த உரிமத்தை அவர்கள் தரக் கூடாது என்று 2013இல் அரசியலமைப்பு நீதிமன்றம் சொன்ன பிறகு சட்டம் திருத்தப்பட்டு, வேளாண் துறை அதிகாரிகள் கைக்குப் போனது. பழைய கோயில் கோப்பில் மாஜிஸ்திரேட் கையெழுத்திட்ட தாள் இருந்தால் இன்றைக்கு அது செல்லாது.

இவையெல்லாம் சமாளிக்கக் கூடியவை: குச்சி இல்லை, சாட்டை இல்லை, கால்நடை மருத்துவர் களத்தில் இருப்பார் என்று எழுதிக் கொடுக்கலாம். சமாளிக்க முடியாதது கோமாரி. தென்னாப்பிரிக்கா 2019 ஜனவரியில் கோமாரியற்ற பகுதி என்ற தகுதியை இழந்தது. 2021 முதல் குவாசூலு-நட்டாலிலும் நோய் தலைதூக்கி, நோய்க் கட்டுப்பாட்டுப் பகுதிகள் அறிவிக்கப்பட்டன. 2022 அக்டோபரில் வந்த விதிப்படி, பிளவுபட்ட குளம்புள்ள விலங்கை இடம் மாற்றும்போது அதற்கு நோய் இல்லை என்று உடைமையாளர் எழுத்தில் உறுதி தர வேண்டும். வந்து சேரும் இடத்தில் குறைந்தது 28 நாள் தனியே வைக்க வேண்டும். கட்டுப்பாட்டுப் பகுதியிலிருந்து என்றால் அரசுக் கால்நடை அதிகாரியின் நகர்வு அனுமதியும் வேண்டும்.

இதைப் பந்தயத்தோடு பொருத்திப் பாருங்கள். எட்டு ஜோடி என்றால் பதினாறு மாடுகள், நான்கைந்து பண்ணைகளிலிருந்து வந்து ஒரு காலைப்பொழுது மூக்கோடு மூக்கு உரசி நின்று, மாலையில் பிரிந்து வீடு போகின்றன. கோமாரி பரவ இதைவிட நல்ல ஏற்பாட்டை யாரும் செய்து தர முடியாது. விதிப்படி போனால் களத்துக்கு வந்து 28 நாள், திரும்பிப் போய் 28 நாள். பால் பண்ணை வைத்திருக்கும் எவரும் அதற்கு மாடு தரமாட்டார். தந்தால் விதியை மீறத் தயாராக இருக்கிறார் என்று பொருள், அவரைக் குழு நம்பக் கூடாது.

எங்கள் கணிப்பில் மாட்டை இந்த ஆண்டுத் திட்டத்திலிருந்து எடுத்துவிடுவதே சரி. எடுக்க மனமில்லை என்றால் ஒரே பண்ணையின் மாடுகள், அந்தப் பண்ணை நிலத்திலேயே ஓட்டம் என்று சுருக்கலாம். நகர்வே இல்லாதபோது நகர்வு விதி தொடாது. அப்போதும் முறையைக் கொங்கு நாட்டிலிருந்து எடுங்கள். கோவை, உடுமலைப் பக்கம் ரேக்ளா 200 அல்லது 300 மீட்டர் தடத்தில், ஒரு நேரத்தில் ஒரே வண்டி, கடிகாரத்தோடு போட்டி. மதுரை, சிவகங்கைப் பக்கத்துப் பெரிய மாடு, நடுமாடு, பூஞ்சிட்டுப் பந்தயங்கள் தார்ச்சாலையில் பல வண்டிகள் சேர்ந்து பல கிலோமீட்டர் ஓடுபவை. முந்தும்போது சக்கரம் சக்கரத்தில் மாட்டுவதும், கூடவே விரட்டி வரும் மோட்டார் சைக்கிள்கள் கூட்டத்துக்குள் புகுவதும் அங்கேதான் நடக்கின்றன. தனித்தனி ஓட்டத்தில் அந்த இரண்டும் இல்லை. ஓடி முடித்த வண்டி நிற்க, தடத்தின் நீளத்தில் பாதியாவது பார்வையாளர் இல்லாத வெற்றிடமாக விடுங்கள். மாடு கோட்டைக் கண்டு நிற்பதில்லை, தானாக ஓய்ந்துதான் நிற்கும்.

சாலை: ஊர்வலமும் ‘பந்தயம்’தான்

பெரும்பாலான குழுக்கள் தவறான கதவைத் தட்டுவது இங்கே. ‘கூட்டம் கூட்ட அனுமதி’ என்றதும் 1993ஆம் ஆண்டின் 205ஆம் எண் கூட்ட ஒழுங்குச் சட்டத்தின் படிவத்தை நிரப்பி, ஏழு நாள் முன்னறிவிப்புக் கொடுத்துவிட்டு நிம்மதியாக இருக்கிறார்கள். அந்தச் சட்டம் அரசின், கட்சியின் கொள்கையை விமர்சிக்கவும் மனுக் கொடுக்கவும் ஆதரவு திரட்டவும் சாலையில் கூடுகிற 15 பேருக்கு மேற்பட்ட கூட்டத்துக்கானது. பொங்கல் ஓட்டம் அதில் அடங்காது. படிவத்தை வாங்கி முத்திரை குத்தித் தந்துவிடுவார்கள். ஆனால் முத்திரை வேறு, அனுமதி வேறு.

சாலைக்கு உரிய விதி, 1996ஆம் ஆண்டின் 93ஆம் எண் தேசியச் சாலைப் போக்குவரத்துச் சட்டத்தின் கீழ் வந்த விதிகளில் 317ஆவது. பொதுச் சாலையில் பந்தயமோ விளையாட்டோ நடத்தவும் கலந்துகொள்ளவும் முன்கூட்டிய எழுத்து இசைவு வேண்டும். முழுத் தடமும் ஒரே உள்ளாட்சி எல்லைக்குள் என்றால் அந்த உள்ளாட்சி, எல்லை தாண்டினால் மாகாண அமைச்சர். விதியின் வரையறை அகலமானது: போக்குவரத்துக்கு ஆபத்தாகவோ இடையூறாகவோ அமையக் கூடிய எந்தச் செயலும் அதற்குள் அடங்கும். ஆகவே யாரும் ஓடாத தேர் ஊர்வலமும் இந்த இசைவுக்குள் வரும். இசைவுக்கு நிபந்தனையும் செலவுத் தொகையும் விதிக்கலாம். எப்போது வேண்டுமானாலும் திரும்பப் பெறலாம். ‘போன வருடம் கொடுத்தீர்களே’ என்ற வாதம் நிற்காது.

நம் குழுவின் தடம் டர்பனை ஆளும் எதெக்வினி மாநகராட்சிக்குள்ளேயே அடங்குகிறது. ஆனாலும் அது பழைய வடகரைச் சாலையான ஆர்102ஐ ஓரிடத்தில் குறுக்கிட்டால் அந்தச் சாலையைப் பராமரிப்பவரையும் கேட்க வேண்டிவரும். அந்தக் குறுக்கீட்டைத் தவிர்க்க 5 கிலோமீட்டரை இரண்டரை கிலோமீட்டர்ச் சுற்றாக்கி இரு முறை ஓடவிடுவது எளிய வழி. சுற்று சிறிதானால் மூட வேண்டிய சந்திப்புகளும் போலீசாரும் பாதியாகக் குறையும், கட்டணமும் குறையும்.

தடத்தை வரையும்போது வரைபடம் போதாது. போட்டி நாளுக்கு ஒத்த ஒரு சனிக்கிழமை காலையில் தடத்தை நடந்து பாருங்கள். டாக்சி நிற்கும் இடம், பெட்ரோல் நிலைய வாயில், மருத்துவமனை வழி, மசூதி, தேவாலயம், சுடலை எல்லாவற்றையும் குறியுங்கள். இங்கே சவ அடக்கங்கள் பெரும்பாலும் சனிக்கிழமைகளில் என்பதால் மூடிய சாலையில் ஒரு சவ ஊர்தி வந்து நிற்பது அரிதான காட்சி அல்ல. டாக்சி சங்கத்தோடு பேசாமல் சாலையை மூடுவது வம்பை விலைக்கு வாங்குவது. ஒரு மாதம் முன்பே நேரில் போய் மாற்று வழியையும் மூடும் நேரத்தையும் சொல்லி, அவர்கள் சொல்லும் திருத்தத்தையும் ஏற்றுக்கொண்டால் அன்றைக்கு அவர்களே வண்டிகளைத் திருப்பிவிடுவார்கள்.

சந்திப்பில் சட்டை மாட்டிய தொண்டர் கைநீட்டினால் வண்டி நிற்கும் என்று குழு எண்ணுகிறது. வண்டியை நிறுத்தும் அதிகாரம் போக்குவரத்து அலுவலருக்குத்தான். தொண்டர் ஓட்டக்காரரை நிறுத்தலாம், வழி காட்டலாம், கொடி அசைத்து எச்சரிக்கலாம். மாநகராட்சியின் மெட்ரோ போலீசார் நிற்காத ஒவ்வொரு சந்திப்பிலும் நிறுத்தப்பட வேண்டியவர் ஓட்டக்காரரே. அதை ஓட்டக்காரருக்கும் முன்கூட்டியே சொல்ல வேண்டும். கூட்டத்தைத் தடுக்கவும் சோதிக்கவும் கூலிக்கு ஆள் வைத்தால் அவர்கள் 2001ஆம் ஆண்டின் தனியார் பாதுகாப்புச் சட்டப்படி பதிவு பெற்றவர்களாக இருக்க வேண்டும். கோயில் இளைஞரணிக்குக் கறுப்புச் சட்டை கொடுத்து நிறுத்துவது இதற்குப் பதிலாகாது.

ஓட்டத்துக்குத் தடகளச் சங்கத்தின் ஒப்புதலும் தேவை. மாகாணச் சங்கம் ஆண்டு அட்டவணையை முந்தைய ஆண்டே முடித்துவிடும். ஜனவரி நிகழ்ச்சிக்கு அக்டோபரில் போனால் இடம் கிடைக்காமல் போகலாம். உரிமம் இல்லாதவர்கள் அன்றைக்கு மட்டும் தற்காலிக உரிமம் வாங்கி ஓடலாம். அந்தக் கட்டணத்தை நுழைவுக் கட்டணத்தோடு சேர்த்துச் சொல்லிவிடுங்கள்.

தேரைப் பற்றி ஒன்றே ஒன்று: உயரம். பொதுச் சாலையில் சாதாரண வண்டியும் அதன் பாரமும் 4.3 மீட்டருக்கு மேல் போகக் கூடாது. மொரீஷியஸில் 2024 மார்ச் தொடக்கத்தில் மகா சிவராத்திரி நடைப்பயணத்தின்போது மரமும் மூங்கிலுமாகக் கட்டிய தேர் மின்கம்பியில் பட்டுத் தீப்பிடித்து 6 பக்தர்கள் இறந்தார்கள். கலசமும் கொடியும் சேர்த்து அளக்க வேண்டும். அலங்காரம் முடிந்த பின் அளக்க வேண்டும். கம்பியைக் கழியால் தூக்கிப் பிடிக்கும் பழக்கம் எங்கே இருந்தாலும் அன்றோடு நிற்கட்டும். தாழ்ந்த கம்பியை மின்துறையிடம் சொன்னால் உயர்த்துவார்கள், அல்லது அந்த நேரம் மின்சாரத்தை நிறுத்துவார்கள்.

2,000 என்ற எண்

2010ஆம் ஆண்டின் 2ஆம் எண் சட்டம், விளையாட்டு மற்றும் பொழுதுபோக்கு நிகழ்ச்சிகளின் பாதுகாப்புச் சட்டம், பெயருக்கு மாறாக மத, பண்பாட்டு நிகழ்ச்சிகளையும் தன் வரையறைக்குள் வைத்திருக்கிறது. மைதானம் மட்டுமல்லாமல் வழித்தடமும் அதில் உண்டு. ‘நமக்கு 2,000 பேர் வரமாட்டார்கள், அந்தச் சட்டம் வேண்டாம்’ என்று குழுக்கள் சொல்கின்றன. சட்டம் எண்ணுவது வருகிறவர்களை அல்ல, இடத்தின் கொள்ளளவை: 2,000 பேர் இருக்கவோ நிற்கவோ கொள்ளும் இடம் என்று உள்ளாட்சி சான்றளித்தால் 600 பேர் வந்தாலும் அது சட்டத்துக்குள் வரும் இடம்தான்.

வண்டிப் போட்டியைச் சாலையிலிருந்து கோயில் பக்கத்து மைதானத்துக்கு மாற்றினால், நம் குழு அங்கே 200 மீட்டர் தடத்தின் ஒரு பக்கம் 5 மீட்டர் அகலப் பட்டையில் பார்வையாளர்களை நிறுத்தும். மொத்தம் 1,000 சதுர மீட்டர். கைக்குழந்தை, குடை, மடக்கு நாற்காலியோடு வரும் குடும்பக் கூட்டத்துக்குச் சதுர மீட்டருக்கு 2 பேர் என்பதே நியாயமான கணக்கு. ஆக 2,000. ஒரு மீட்டரைக் குறைத்துக் காட்டி 1,600 ஆக்கிச் சட்டத்துக்கு வெளியே நிற்கலாம் என்று யாராவது யோசனை சொல்வார். கொள்ளளவை முடிவு செய்வது குழு அல்ல. தவிர, அன்றைக்கு 2,300 பேர் வந்து நெரிசலானால் அந்தக் குறைத்த வரைபடமே எதிர்த்தரப்பின் முதல் சான்றாகும்.

வெளியேறும் வழியைக் கணக்கிடாமல் கொள்ளளவு பேசுவதில் அர்த்தமில்லை. பிரிட்டிஷ் விளையாட்டரங்க வழிகாட்டியின் அளவு: சமதளத்தில் ஒரு மீட்டர் அகலத்தில் நிமிடத்துக்கு 82 பேர், படிக்கட்டில் 66. 2,000 பேர் 8 நிமிடத்தில் வெளியேற வேண்டுமானால் நிமிடத்துக்கு 250 பேர். அதற்குச் சுமார் 3.05 மீட்டர் அகலம். நம் மைதானத்தில் இருப்பவை 1.2 மீட்டர்ச் சிறு வாசல்கள் இரண்டு, ஆக 2.4 மீட்டர். போதாது. ஒன்று அடைபட்டால் நிமிடத்துக்கு 98 பேர், இருபது நிமிடத்துக்கு மேல். வேலியில் 3 மீட்டர் அகலத்தில் இன்னும் இரண்டு திறப்பு வெட்டி, பூட்டு இல்லாமல், ஆள் நிறுத்தி வைத்தால் ஒரு வாசல் போனாலும் கணக்கு நிற்கும். பலூன் விற்பவரும் அன்னதான வரிசையும் வாசலை விட்டு 15 மீட்டராவது தள்ளி இருக்கட்டும்.

வாசல் என்றால் என்ன என்பதை டர்பனின் சாட்ஸ்வொர்த் மறக்கவில்லை. 2000 மார்ச் 24 அன்று பள்ளிப் பிள்ளைகள் நிறைந்திருந்த நடன அரங்கில் கண்ணீர்ப்புகை வெடிக்க, வெளியே ஓடிய நெரிசலில் 13 பிள்ளைகள் இறந்தார்கள்.

தடுப்பு வேலிக்கு இன்னொரு பாடம் தென்னாப்பிரிக்காவின் ஆர்க்னி ஊரில் இருக்கிறது. 1991 ஜனவரி 13 அன்று கால்பந்தாட்டத்தில் சண்டை மூண்டபோது தப்பி ஓடியவர்கள் மைதான வேலியில் நசுங்கி 42 பேர் மாண்டார்கள். தடத்தைக் காக்கப் போட்ட வேலியே கூட்டத்தின் பொறியாகக் கூடாது. இரட்டை வேலி போட்டு நடுவே 2 மீட்டர் சந்து விடுங்கள். மருத்துவக் குழு அதில் நடக்கும். உள்வேலியில் 25 மீட்டருக்கு ஒரு கதவு, தடத்தை நோக்கித் திறக்கும்படி. ஓட்டத்தை நிறுத்தியாயிற்று என்ற கட்டளை வந்த பின்பே அந்தக் கதவு திறக்க வேண்டும். கயிறு மட்டும் கட்டிவிடுவது வேலி ஆகாது.

தரப்படுத்தலும் தலைமையும்

2010ஆம் ஆண்டின் இந்தச் சட்டம் பிறந்தது எல்லிஸ் பார்க் விளையாட்டரங்கில். 2001 ஏப்ரல் 11 அன்று ஜொகன்னஸ்பர்க்கில் கைசர் சீஃப்ஸும் ஒர்லாண்டோ பைரட்ஸும் மோதிய கால்பந்தாட்டத்தில் 43 பேர் நெரிசலில் இறந்தார்கள். நீதிபதி ங்கோபே ஆணையம் கண்ட காரணங்களில் இவை உண்டு: வரப்போகும் கூட்டத்தைக் குறைத்து மதித்தது, பழைய விபத்துகளிலிருந்து கற்காதது, யாருக்கு எந்தப் பொறுப்பு என்று பிரிக்காதது, கட்டுப்பாட்டு அறைக்கு ஒட்டுமொத்தத் தலைமை இல்லாதது, டிக்கெட் தீர்ந்துவிட்டது என்று வேளை கெட்ட வேளையில் அறிவித்தது, கண்ணீர்ப்புகை. இதில் பணமோ கருவியோ குறைந்ததாக ஒன்றுமில்லை. எல்லாம் யார் சொல்வது, எப்போது சொல்வது என்பதில் விளைந்தவை.

சட்டம் அதனால்தான் முதலில் போலீசிடம் அபாயத் தரத்தைக் கேட்கச் சொல்கிறது: குறைவு, நடுத்தரம், உயர்வு. கூட்டத்தின் அளவு, நேரம், மது, இடத்தின் நிலை, முன்வரலாறு எல்லாம் பார்த்துத் தரம் வரும். மாடுகளையும் சாலை ரேக்ளாவையும் நீக்கி, மது இல்லை என்று உறுதி தந்து, இருட்டுவதற்குள் தேரை நிலைக்குக் கொண்டுவந்தால் தரத்தைக் குறைக்க வலுவான நியாயம் கையில் இருக்கும். தரத்துக்கேற்பப் பாதுகாப்புத் திட்டக் குழு கூடும்: போலீஸ், மெட்ரோ போலீஸ், தீயணைப்பு, மருத்துவம், பேரிடர் மேலாண்மை, மின்துறை, ஏற்பாட்டாளர். அந்தக் கூட்டத்துக்குக் கோயில் தலைவரை மாலையோடு அனுப்பாதீர்கள். வரைபடமும் எண்களும் மனப்பாடமாகத் தெரிந்த ஒருவர் போக வேண்டும். கேட்ட கேள்விக்கு ‘பார்த்துச் சொல்கிறோம்’ என்றால் கூட்டம் இரண்டு வாரம் தள்ளிப்போகும்.

மருத்துவத்துக்கு 2017இல் வந்த தனி விதிகள் உண்டு. நிகழ்ச்சியின் வகை, கூட்டம், இடம் போன்றவற்றுக்கு மதிப்பெண் போட்டு எத்தனை ஆம்புலன்ஸ், எத்தனை ஆள் என்று அட்டவணை சொல்லும். அட்டவணை ஒரு ஆம்புலன்ஸ் போதும் என்றாலும் ஒரு கேள்வியை எழுத்தில் தீர்த்துவைக்க வேண்டும்: அது நோயாளியோடு கிளம்பிவிட்டால் ஓட்டம் தொடருமா? தொடரக் கூடாது.

காப்பீட்டில் விழும் ஓட்டை பெயர்தான். விண்ணப்பம் இளைஞர் சங்கத்தின் பெயரில், பாலிசி கோயில் அறக்கட்டளையின் பெயரில், மைதானம் இன்னொரு சங்கத்தின் பெயரில் என்றால் விபத்துக்குப் பிறகு மூவரும் ஒருவரையொருவர் கைகாட்டுவார்கள். மூன்று பெயரும் பாலிசியில் இருக்கட்டும். ஓடுபவர்களுக்கும் விலங்குகளால் வரும் சேதத்துக்கும் பொறுப்பு உண்டா, விலக்கா என்ற பத்தியைக் கையெழுத்திடும் முன் படியுங்கள்.

பொங்கல் அடுப்புகளுக்குத் தீயணைப்புத் துறை கேட்பது சின்ன விஷயங்கள்: கூடாரத்திலிருந்து தூரம், மணல் வாளி, அணைப்பான், சமையல் வாயு உருளை வெயிலில் நிற்காதது. கூடாரங்களிலிருந்து 10 மீட்டர் தள்ளி, காற்று தீப்பொறியைக் கூடாரத்துக்குக் கொண்டுபோகாத பக்கமாக வரிசை போட்டால் பேச்சே எழாது.

அன்றைய நாள்

ஜனவரி நடுவில் டர்பனில் காலை ஐந்தே காலுக்கெல்லாம் வெளிச்சம் வந்துவிடும். எட்டு மணிக்கு மேல் புழுக்கம் ஆளை அடிக்கும். ஓட்டம் 5.30க்குத் தொடங்கி 7 மணிக்குள் முடிந்தால் வெயில் மயக்கமும் மிச்சம், டாக்சி நெரிசலும் மிச்சம். சாலையை 4.45க்கு மூடி 7.15க்குத் திறப்பது என்று இசைவில் எழுதுங்கள். பின்னால் வருபவர்களை 7 மணிக்கு ஏற்றிக்கொள்ள ஒரு வண்டி கடைசியில் வர வேண்டும். இல்லாவிட்டால் திறந்த சாலையில் ஒரு பாட்டி தனியே நடந்துகொண்டிருப்பார். மாலையில் இடி மழைக்கு வாய்ப்பு அதிகம். மின்னல் தெரிந்தால் மைதானத்தைக் காலி செய்து, கடைசி இடி கேட்டு 30 நிமிடம் கழித்தே திரும்புவது என்ற விதியைத் தேர் இழுப்பவர்களிடமும் முன்பே சொல்லி வையுங்கள். நல்ல நேரம் தவறும் என்று அன்றைக்கு வாதாட இடம் வைக்கக் கூடாது. குருக்களோடு இரண்டு நேரங்களைக் குறித்து வைத்திருந்தால் சிக்கல் இல்லை.

நிறுத்தும் அதிகாரம் ஒரே ஒருவரிடம். அவர் பாதுகாப்பு அலுவலர். தலைவர், நன்கொடையாளர், சிறப்பு விருந்தினர் யாருக்கும் அதில் பங்கில்லை. அவர் ரேடியோவில் ஒரே சொல் சொன்னால் தொடக்கக் கோட்டில் கொடி இறங்க வேண்டும், நாதஸ்வரமும் பாட்டும் ஒரே பொத்தானில் அணைய வேண்டும். இசைக்கும் அறிவிப்புக்கும் ஒரே ஒலிபெருக்கி, இசைக்காரரிடமே பொத்தான் என்பது அடிக்கடி நடக்கும் தவறு. நெருக்கடியில் அறிவிப்பு யாருக்கும் கேட்காது. அறிவிப்பு தமிழில் மட்டும் போதாது. இங்கே பிறந்து வளர்ந்த பிள்ளைகளில் பலருக்கு ஆங்கிலம்தான் சட்டென்று புரியும். வேடிக்கை பார்க்க வரும் அண்டை ஊராருக்கு சூலு வேண்டும். மூன்று மொழியிலும் ஐந்தாறு வாக்கியங்களை முன்பே எழுதி, படிப்பவர் கையில் கொடுத்து வையுங்கள். ‘இடமில்லை, யாரும் வராதீர்கள்’ என்பது அதில் இருக்கக் கூடாது; அதைக் கேட்டதும் வெளியே நிற்பவர் வாசலை நோக்கித் தள்ளுவார். ‘கிழக்கு வாசல் பக்கம் இடம் இருக்கிறது, அங்கே வாருங்கள்’ என்று போகும் திசையைச் சொல்லுங்கள், அங்கே உண்மையிலேயே இடம் இருக்கும்போது மட்டும்.

வாசலில் எண்ணும் கருவியோடு இருவர் நின்று பதினைந்து நிமிடத்துக்கு ஒரு முறை எண்ணைக் கட்டுப்பாட்டு அறைக்குச் சொல்ல வேண்டும். 1,600 ஆனதும் புது வருகையைப் பக்கத்துத் திடலுக்குத் திருப்புவது. 1,900 ஆனால் வாசலில் வரவு நிறுத்தம், போக்கு மட்டும். இந்த எண்களைத் திட்டத்திலும் எழுதி, அன்றைக்கு எழுதிய குறிப்பேட்டையும் பாதுகாத்து வையுங்கள். அடுத்த ஆண்டு விண்ணப்பத்தோடு அந்தக் குறிப்பேட்டின் நகலையே முன்வரலாறாக இணைக்கலாம்.

திருத்திய விண்ணப்பத்தில் மாடுகள் இல்லை, சாலை ரேக்ளா இல்லை. இரண்டரை கிலோமீட்டர்ச் சுற்றில் ஓட்டம், மைதானத்தில் 200 மீட்டர் தடத்தில் ஆட்கள் இழுக்கும் வண்டிப் போட்டி, 4.1 மீட்டர் உயரத் தேர். வண்டியில் ஒருவர் உட்கார, நால்வர் இழுக்க, ஒரு நேரத்தில் ஒரே வண்டி. நுகத்தடியில் மாட்டுக்குப் பதில் மாமன் மச்சான்கள். பெரியவர்களில் சிலர் முணுமுணுப்பார்கள். சித்திரைப் புத்தாண்டு முடிந்ததும் தடகளச் சங்கத்துக்கும் மைதான உடைமையாளருக்கும் கடிதம், ஜூலையில் போலீசுக்குத் தரப்படுத்தல் கோரிக்கை, ஆகஸ்டில் 317ஆம் விதி இசைவுக்கான விண்ணப்பமும் வரைபடமும், அக்டோபரில் டாக்சி சங்கமும் மருத்துவ ஒப்பந்தமும் காப்பீடும். டிசம்பர் நடுவிலிருந்து அரசு அலுவலகங்களில் ஆள் குறைந்துவிடும். அதற்குள் எல்லாக் கையெழுத்தும் கோப்பில் இருக்க வேண்டும்.